கூடாரத்தில் உறங்கும் உரிமை யாருக்கு?

மேலைநாடுகளிலே கோடைக்காலம் பிறந்ததும் நகரத்தை நீங்கி, ஆற்றங்கரையிலோ மலைச்சாரலிலோ கூடாரமடித்துச் சில நாட்கள் தங்கிவரும் வழக்கம் கடந்த ஒன்றரை நூற்றாண்டுக் காலத்தில் ஒரு வெகுசனப் பொழுதுபோக்காக வளர்ந்துள்ளது. இவ்வளர்ச்சிக்கு அதன் அபிமானிகள் கூறும் விளக்கம் மிக எளிமையானது. மனிதன் இயல்பாகவே இயற்கையை நாடுபவன். யந்திர நாகரிகம் அவனை அதனின்று பிரித்தது. கூடாரம் அவனை மீண்டும் அங்கு அழைத்துச் செல்கின்றது. அங்கே செல்வந்தனும் வறியவனும் ஒரே மண்ணிற் படுத்து ஒரே வானத்தைப் பார்க்கின்றனர் என்பதே அவ்விளக்கம். கேட்பதற்கு இனிமையானதுதான். ஆயினும், யாருக்கு விடுமுறை கிடைத்தது, யாருடைய நிலத்திற் கூடாரம் எழுந்தது, அந்நிலத்தினின்று யார் துரத்தப்பட்டனர் என்ற வினாக்களை எழுப்பியவுடன் அவ்விளக்கம் வெளிறிப்போகின்றது.

தமிழிலே இப்பொழுதுபோக்கினைக் குறிப்பதற்கு மரபுவழிவந்த சொல் எதுவுமில்லை. ‘பாசறை’ போர்க்களத்துக்குரியது, நெடுநல்வாடையில் வரும் பாசறையிலே அரசன் நள்ளிரவிற் புண்பட்ட வீரரைக் கண்டுவருகின்றான், ஓய்வெடுக்கவில்லை. சாரணர் இயக்கம் அச்சொல்லை எடுத்துப் பையன்களுக்கு வழங்கியது பிற்காலச் செய்தி. ‘முகாம்’ என்ற சொல்லோ இலங்கைத் தமிழர் மத்தியிலே அகதி என்ற சொல்லுடன் ஒட்டிப் பிறந்ததுபோல வழங்குகின்றது. 2004ஆம் ஆண்டு ஆழிப்பேரலைக்குப் பின்னர் கிழக்குக் கரையிலும், 2009ஆம் ஆண்டு போர் முடிவிற் செட்டிகுளத்திலும் வரிசை வரிசையாக நின்ற கூடாரங்களைப் பார்த்த ஒருவருக்குக் கூடாரம் என்றதும் கோடை விடுமுறை நினைவுக்கு வருவது கடினம். இதனை ஒரு குறைபாடாகக் கொள்ளவேண்டியதில்லை. கூடாரத்துக்குள் இரு வகையான மனிதர் உறங்குகின்றனர் என்ற உண்மை அத்தகையவருக்கு விளக்காமலே விளங்கும். மேலைநாட்டுக் கூடார இலக்கியம் மறைக்க முற்படுவதும் அவ்வுண்மையையேயாகும்.

இப்பொழுதுபோக்கின் தொடக்கமாக அமெரிக்கர் 1869ஆம் ஆண்டினைச் சுட்டுவர். அவ்வாண்டில் பொஸ்ரன் நகரத்துப் போதகரான வில்லியம் மரே என்பவர் நியூயோர்க் மாநிலத்து அடிரொண்டாக் மலைகளிற் கூடாரவாழ்வு நடத்துவதன் இன்பத்தையும் உடல்நலப் பேற்றையும் புகழ்ந்து ஒரு நூல் வெளியிட்டார். அக்கோடையிலேயே நகரத்தார் கூட்டங் கூட்டமாக அங்குச் சென்றனர். போதிய ஆயத்தமின்றிச் சென்று மழையிலும் ஈக்கடியிலும் அல்லலுற்ற அவர்களைப் பத்திரிகைகள் ‘மரேயின் மூடர்கள்’ எனப் பரிகசித்தன. பரிகாசத்தினிடையே ஒரு விடயம் விடுபட்டுப்போயிற்று. அடிரொண்டாக்கில் துடுப்பு வலித்தவரும், ஏரிக்கும் ஏரிக்குமிடையே படகைத் தோளிற் சுமந்தவரும், விறகு வெட்டிச் சமைத்தவரும் கூலிக்கு அமர்த்தப்பட்ட உள்ளூர் வழிகாட்டிகளே. எளிய வாழ்வை அனுபவித்தவர் ஒருவர். அவ்வெளிமையைச் சுமந்தவர் இன்னொருவர். இதே காட்சி இலங்கைக்கும் புதியதன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் நுவரெலியாவில் வாழ்ந்து, தமது வேட்டை அனுபவங்களை 1853இல் நூலாக்கிய சாமுவேல் பேக்கரின் கூடாரம் தானாக நடந்து காட்டுக்குள் சென்றுவிடவில்லை. கூலியாட்களின் தலைகளில் ஏறியே சென்றது.

கூடாரம் வெகுசனங்களிடம் வந்து சேர்வதற்கு முதலில் அதன் கனம் குறையவேண்டியிருந்தது. இதனைச் செய்தவர் இலண்டனைச் சேர்ந்த தோமஸ் ஹைரம் ஹோல்டிங் என்ற தையற்கலைஞர். இவர் சிறுவனாக இருந்தபோது, 1853இல், பெற்றோருடன் வண்டித்தொடரொன்றிற் சேர்ந்து அமெரிக்கப் புல்வெளிகளைக் கடந்தவர். அவ்வண்டிகளில் இருந்தோர் உல்லாசத்துக்காகக் கூடாரத்தில் உறங்கியவரல்லர். போக்கிடம் தேடிச் சென்ற குடியேறிகள். முதிர்ந்த வயதில் ஹோல்டிங் அவ்வனுபவத்தைப் பொழுதுபோக்காக மாற்ற முனைந்தபோது அவருக்குத் துணைநின்றது அவர் அறிந்த தொழில். படைத்துறை வழங்கிய மணிவடிவக் கூடாரம் வண்டியில் ஏற்றவேண்டிய பாரமுடையது. துணியின் தன்மையையும் தையலின் நுட்பத்தையும் அறிந்த இவர், பட்டினாற் செய்த, துவிச்சக்கரவண்டியிற் கட்டிச் செல்லத்தக்க சிறு கூடாரங்களை உருவாக்கினார். 1901இல் உவொண்டேஜ் என்ற ஊரில் 13 பேருடன் துவிச்சக்கரவண்டிக் கூடாரவாசிகளின் சங்கம் பிறந்தது. 1908இல் அவரது கைநூல் வெளிவந்தது. ஹோல்டிங் வறியவருமல்லர், புரட்சிக்காரருமல்லர். ஆயினும் சுமைதூக்கியின் தேவையை ஒழித்தமையால், கூடாரவாழ்வின் வரலாற்றிலே போதகர்களும் தத்துவவாதிகளும் செய்யாத ஒன்றை ஒரு தையல் ஊசி செய்துவிட்டது எனலாம்.

ஆனால் இலேசான கூடாரம் மட்டும் போதுமானதா? அதனை விரிப்பதற்கு நிலம் வேண்டும். விரித்தபின் அதில் தங்குவதற்குப் பொழுது வேண்டும். இவையிரண்டும் தையற்காரன் தரக்கூடியவையல்ல. இவ்விரண்டையும் உழைக்கும் மக்கள் எவ்வாறு பெற்றனர் என்பதே கூடாரவாழ்வு வெகுசனமயமான கதையின் உயிர்நிலை. அபிமானிகள் எழுதும் வரலாறுகளில் இப்பகுதி ஓரிரு வரிகளுக்குள் அடங்கிவிடுகின்றது.

நிலத்தின் கதை 1932ஆம் ஆண்டு வசந்தகாலத்தில், இங்கிலாந்தின் டார்பிசயர்ப் பகுதியிலுள்ள றோவார்த் என்ற இடத்துக் கூடாரமுகாமொன்றிற் கருக்கொண்டது. பிரித்தானியத் தொழிலாளர் விளையாட்டுச் சம்மேளனத்தைச் சேர்ந்த இளைஞர் அங்கு முகாமிட்டிருந்தனர். அருகிலிருந்த பிளீக்லோ மேட்டுநிலத்தில் நடக்கச் சென்ற அவர்களை வேட்டைக்காவலர் மிரட்டித் திருப்பியனுப்பினர். மன்செஸ்ரர், ஷெபீல்ட் ஆகிய ஆலைநகரங்களிலிருந்து கண்ணுக்கெட்டிய தூரத்திற் கிடந்த அம்மேடுகள், ஆண்டிற் சில நாட்கள் மட்டும் நிகழும் காட்டுக்கோழி வேட்டைக்காக ஆண்டு முழுவதும் பூட்டிவைக்கப்பட்டிருந்தன. அவமானம் பொறாத இளைஞர் முகாமிலேயே முடிவெடுத்தனர். ஏப்ரில் 24ஆம் திகதி, 20 வயதுடைய பெனி றொத்மன் தலைமையில் நானூறு பேரளவில் கின்டர் ஸ்கவுற் மேட்டின்மீது ஏறினர். காவலருடன் கைகலப்பு ஏற்பட்டது. ஐவர் இரண்டு மாதம் முதல் ஆறு மாதம் வரையான சிறைத்தண்டனை பெற்றனர். அன்று நடைப்பயணிகளின் கண்ணியமான சங்கங்கள் இவ்விளைஞரைக் கண்டித்தன என்பதையும் மறத்தலாகாது. மனுக்கொடுத்துக் காத்திருந்தாற் போதும் என்பது அக்கனவான்களின் கொள்கை. அவர்கள் ஏற்கெனவே பல்லாண்டுகள் காத்திருந்தவர்கள். இன்னும் காத்திருக்கச் சித்தமாயிருந்தனர். தேசிய வனங்களையும் நாட்டுப்புற அணுகுரிமையையும் பற்றிய சட்டம் 1949இல் வந்தது. 1951இற் பிரகடனஞ் செய்யப்பட்ட முதலாவது தேசிய வனத்துள் அந்தக் கின்டர் மேடும் அடங்கியது. சிறைசென்றோரைக் கண்டித்தவர்களின் வாரிசுகள் இன்று அதே மேட்டிற் கூடாரவாழ்வின் ஆன்மிகத்தைப் பற்றிப் பேசுகின்றனர்.

பொழுதின் கதையைப் பிரான்சிலே காணலாம். 1936 மே, யூன் மாதங்களில் அங்கு ஏறத்தாழ இருபது இலட்சம் தொழிலாளர் வேலைநிறுத்தஞ் செய்து ஆலைகளைத் தம்வசப்படுத்தினர். மக்கள் முன்னணியின் தேர்தல் வேலைத்திட்டத்திலே சம்பளத்துடன் கூடிய விடுமுறை இடம்பெற்றிருக்கவில்லை. அதனைச் சேர்த்தது வேலைநிறுத்தமே. யூன் 20ஆம் திகதிச் சட்டம் ஆண்டுக்கு இரண்டு வார விடுமுறையை வழங்கிற்று. ஓய்வுக்கும் விளையாட்டுக்கும் பொறுப்பாயிருந்த லெயோ லக்ராஞ்ச், விடுமுறை செல்லும் தொழிலாளிக்குப் புகையிரதக் கட்டணத்தில் நூற்றுக்கு 40 வீதக் கழிவு பெற்றுக்கொடுத்தார். அதுவரை பணம்படைத்தோரின் உடைமையாயிருந்த கடற்கரைகளிலே தொழிலாளர் குடும்பங்கள் தோன்றின. விடுதியில் அறையெடுக்க வழியற்றோர் கூடாரத்தைக் கொண்டுவந்தனர். வலதுசாரிப் பத்திரிகைகள் லக்ராஞ்சின் பணிமனையைச் சோம்பலின் அமைச்சு என்று ஏளனஞ் செய்தன. கடலை முதன்முதலாகக் கண்ட சுரங்கத் தொழிலாளியைச் சோம்பேறி என்றழைப்பதற்கு எத்தகைய நெஞ்சு வேண்டும்! அவ்வேளனத்தின் அடியில் இருந்தது சோம்பல் மீதான வெறுப்பன்று. தமது கடற்கரையில் அந்நியரைக் கண்ட உடைமையாளரின் கோபமே அது. அவ்விரண்டு வாரம் 1956இல் மூன்றாகவும், 1969இல் நான்காகவும், 1982இல் ஐந்தாகவும் வளர்ந்தது. அத்துடனேயே பிரெஞ்சு நாட்டின் கூடாரத்திடல்களும் பல்கிப் பெருகின. இயற்கைமீதுள்ள காதல் 1935இலும் பிரெஞ்சுத் தொழிலாளிக்கு இருந்திருக்கும். இருந்தும் அவன் ஆலைக்குள்ளேயே நின்றான்.

இவற்றைச் சொன்னவுடன் மறுபுறத்திலிருந்து ஓர் ஆட்சேபம் எழும். கூடாரவாழ்வு உழைப்பாளியின் எதிர்ப்புணர்வை மழுங்கச்செய்யும் ஒரு வடிகால். இரண்டு வாரம் புல்லிற் புரளவிட்டு ஐம்பது வாரம் பிழிந்தெடுப்பதற்கான தந்திரம். ஆகவே முற்போக்காளர் அதனைப் பொருட்படுத்தவேண்டியதில்லை என்பர் சிலர். இவர்கள் காட்டும் உதாரணங்கள் பொய்யானவையல்ல. 1907 ஓகஸ்ட் மாதம் பிரவுன்சீத் தீவில் இருபது பையன்களளவில் கூட்டிப் பேடன் பவல் நடத்திய முகாமிலே செல்வந்தர் பள்ளிகளின் மாணவரும் உழைப்பாளர் பிள்ளைகளும் சேர்ந்து உறங்கினர். எனினும் அவர் கற்பித்த கலைகள் ஆபிரிக்காவிற் பேரரசுக்காகப் போரிட்டபோது கற்றவை. 1912இல் மாத்தளையிலே சாரணர் இயக்கம் இலங்கைக்குள் காலடி வைத்ததும் அப்பேரரசின் நிழலிலேதான். ஜெர்மனியில் 1933இன் பின்னர் சுதந்திரமான இளைஞர் அமைப்புகள் கலைக்கப்பட்டு, அவர்களது நெருப்பும் பாட்டும் கூடாரமும் ஹிட்லரின் இளைஞர் படைக்குரியனவாயின. கூடாரத்துக்கெனச் சொந்தமான கொள்கை எதுவுமில்லை என்பதை ஏற்கத்தான் வேண்டும். ஆனால் அதிலிருந்து பெறப்படும் முடிவு பிழையானது. றோவார்த் முகாமில் இருந்தோர் மழுங்கிப்போகவில்லை. அம்முகாமே அவர்களுக்கு ஒன்றுகூடி யோசிக்க இடமளித்தது. உழைப்பவன் ஓய்வெடுப்பதை ஐயத்துடன் நோக்கும் முற்போக்கு, சோம்பலின் அமைச்சு என்று நகைத்தவர்களின் பக்கத்து வீட்டிற் குடியிருக்கின்றது.

கூடாரவாழ்வின் மீது சுமத்தவேண்டிய உண்மையான குற்றச்சாட்டு வேறு. அதனை விளங்கிக்கொள்வதற்கு அமெரிக்காவுக்குத் திரும்பவேண்டும். யொசெமிற்றிப் பள்ளத்தாக்கு உலகெங்குமுள்ள கூடாரவாசிகளின் யாத்திரைத் தலம். 1903 மே மாதத்தில் சனாதிபதி தியோடர் றூஸ்வெல்ற்றும் இயற்கைவாதி ஜோன் மியூரும் அங்கு வெளியிற் படுத்துறங்கிய மூன்று இரவுகள் பற்றிய கதை மீண்டும் மீண்டும் சொல்லப்படுகின்றது. 1851இல் ஓர் ஆயுதப்படை அப்பள்ளத்தாக்கினுள் நுழைந்து அவானீச்சி மக்களை வெளியேற்றிய கதை அத்துணை விருப்புடன் சொல்லப்படுவதில்லை. எஞ்சியும் மீண்டும் வந்தும் அங்கு வாழ்ந்த பழங்குடிகளின் இறுதிக் குடியிருப்பு 1969இல், தேசிய வன நிருவாகத்தின் கையாலேயே அழிக்கப்பட்டது. வருடந்தோறும் இலட்சக்கணக்கானோர் அங்கு கூடாரமடித்துக்கொண்டிருந்த காலம் அது. வர்ஜீனியாவின் ஷெனன்டோவா வனத்துக்காக 1930களில் நூற்றுக்கணக்கான மலைவாழ் குடும்பங்கள் அகற்றப்பட்டன. அவ்வனம் திறக்கப்பட்டபின் கறுப்பினத்தவர்க்கென லூயிஸ் மலையில் தனியான திடல் ஒதுக்கப்பட்டது. 1950 அளவிலேயே அப்பிரிவினை முற்றாக நீங்கியது. ஒரே வானத்தைப் பார்த்தனர் என்பது உண்மை, வெவ்வேறு திடல்களிலிருந்து.

இன்னும் தெளிவான சான்று மோட்டார் வண்டி யுகத்திலே கிடைக்கின்றது. 1920களின் தொடக்கத்தில் அமெரிக்கச் சிறு நகரங்கள் பல, வண்டியில் வரும் உல்லாசப் பயணிகளின் பணத்தை விரும்பி, இலவசக் கூடாரத்திடல்களை அமைத்தன. குடிநீர், விளக்கு, அடுப்பு யாவும் இலவசம். வண்டிகளின் விலை வீழ்ந்ததும் உல்லாசப் பயணிகளோடு வேலைதேடி அலைந்த குடும்பங்களும் வரத்தொடங்கின. அவர்களிடமும் அதே வண்டி, அதே கூடாரம். நகரசபைகள் என் செய்தன? சில ஆண்டுகளுக்குள் திடல்களுக்குக் கட்டணம் வைத்தன. தங்கும் நாட்களுக்கு எல்லை வகுத்தன. விரும்பத்தகாதோரை விலக்குவதே நோக்கம் என்பதை அவை மறைக்கவும் இல்லை. 1936 பெப்ரவரியிலோ லொஸ் ஏஞ்சலிஸ் நகரப் பொலிஸ் கலிபோர்னியாவின் எல்லைகளுக்கே ஆட்களை அனுப்பி, கையிற் காசில்லாது வருவோரைத் திருப்பியனுப்பிற்று. வறியோர் மாநில எல்லையைக் கடப்பதற்கு உதவுதலைக் குற்றமாக்கிய கலிபோர்னியச் சட்டத்தை உயர் நீதிமன்றம் தள்ளியது 1941இலே. பிரான்சில் கூடாரம் தொழிலாளியின் வெற்றிக்கொடியாகப் பறந்த அதே ஆண்டில், கலிபோர்னிய எல்லையில் அது கைதுக்குரிய அடையாளமாயிற்று.

துணி ஒன்றே, அதனுள் இருப்பவனுக்கு வேறோரிடத்தில் வீடு உண்டா என்பதே கேள்வி. இக்கேள்வியைச் சட்டம் வெட்கமின்றிக் கேட்டுவந்துள்ளது. இங்கிலாந்தின் 1824ஆம் ஆண்டு அலைந்துதிரிவோர் சட்டம், திறந்தவெளியிலோ கூடாரத்தின் கீழோ வண்டியிலோ தங்கி, தன்னைப்பற்றித் தக்க விளக்கந் தரமுடியாதவனைத் தண்டிக்க வழிசெய்தது. நெப்போலியப் போரிலிருந்து கைவிடப்பட்டுத் திரும்பிய போர்வீரரும் நிலமிழந்த உழவரும் வீதிகளை நிறைத்திருந்த காலமது. இலங்கைக்கும் அத்தகைய கட்டளைச் சட்டமொன்று 1841இல் வந்துசேர்ந்தது. ஹோல்டிங்கும் அவரது 13 பேரும் 1901இல் உவொண்டேஜிற் செய்த காரியம், வீடற்ற ஒருவன் செய்திருந்தால் மேற்படி சட்டத்தின்கீழ்ச் சிறைக்குரிய குற்றம். 2023 நவம்பரிலே பிரித்தானிய உள்நாட்டமைச்சர், நகர வீதிகளில் வீடற்றோர் கூடாரத்தில் வாழ்வது பலரைப் பொறுத்தவரை அவர்கள் தாமே விரும்பித் தேர்ந்த வாழ்க்கைமுறை எனக் கூறி, அவர்களுக்குக் கூடாரம் வழங்கும் தருமதாபனங்களைக் கட்டுப்படுத்த முனைந்தார். இவ்விடத்தில் வாசகர் சற்று நின்று யோசிக்கலாம்: விரும்பித் தேர்ந்த கூடாரவாழ்வுதானே பொழுதுபோக்கு? அதனைக் குற்றமாக்க வேண்டியவர் ஏன் முதலில் அதனைத் தேர்வு என்று பெயரிடுகின்றார்? உல்லாசப் பயணியிடம் புகழப்படும் அதே பண்பு ஏழையிடம் ஒட்டப்பட்டதும் வசையாகிவிடுகின்றது.

ஒறிகன் மாநிலத்திலுள்ள கிறான்ற்ஸ் பாஸ் என்ற சிறுநகரம், இயற்கையழகு மிக்க றோக் ஆற்றின் கரையிலே அமைந்தது. உல்லாசப் பயணிகள் நாடிவருவது. அந்நகரத்தின் விதிகள், தற்காலிகமாக வாழும் நோக்குடன் படுக்கையையோ உறக்கப்பையையோ விரித்த இடத்தைக் கூடாரத்தலம் என வரையறுத்து, பொது இடங்களில் அதனைத் தடைசெய்தன. ஒரு போர்வை போதும், கூடாரமே வேண்டியதில்லை. முதற் குற்றத்துக்கு 295 டொலர் தண்டம், தொடர்ந்தால் சிறை. ஓரிரவு வாடகைக்கே வழியற்றவனிடம் 295 டொலர் கேட்பது நகைச்சுவையாயின் அது மிகக் கொடிய நகைச்சுவை. 2024 யூன் 28ஆம் திகதி அமெரிக்க உயர் நீதிமன்றம், நீதியரசர் அறுவர் ஒருபுறமும் மூவர் மறுபுறமுமாக, இவ்விதிகள் அரசியலமைப்பு தடைசெய்யும் கொடூர தண்டனை ஆகா எனத் தீர்த்தது. விதி உறக்கத்தைத் தண்டிக்கவில்லை, கூடாரவாழ்வையே தண்டிக்கின்றது. முதுகிற் பையுடன் வரும் உல்லாசப் பயணிக்கும் அது பொருந்தும் என்பது பெரும்பான்மையினரின் வாதங்களுள் ஒன்று. உல்லாசப் பயணிக்கு அன்றிரவே திரும்பிச் செல்ல ஒரு கதவு இருக்கின்றது என்பது அவ்வாதத்தில் இடம்பெறவில்லை.

இதனோடு ஒப்பிட்டு நோக்கத்தக்கது தென்மேற்கு இங்கிலாந்தின் டாட்மூர் வழக்கு. அம்மேட்டுநிலத்திற் பல ஆயிரம் ஏக்கருக்கு உரிமையாளரான ஒரு முதலீட்டு நிதி முகாமையாளரும் அவரது துணைவியாரும், தமது அனுமதியின்றி எவரும் அங்கு கூடாரமடித்தல் ஆகாதென நீதிமன்றஞ் சென்றனர். 1985ஆம் ஆண்டு டாட்மூர் பொதுநிலச் சட்டம் திறந்தவெளிப் பொழுதுபோக்குக்காக நடந்தும் குதிரையேறியும் செல்லும் உரிமையைப் பொதுமக்களுக்கு வழங்கியிருந்தது. உறங்குவது பொழுதுபோக்காகுமா என்பதே வழக்கு. 2023 சனவரியில் நிலவுடைமையாளர் வென்றனர். ஆயிரக்கணக்கானோர் அம்மேட்டிலே ஊர்வலஞ் சென்றனர். யூலையில் மேன்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பை மாற்றியது. 2025 மே 21ஆம் திகதி உயர் நீதிமன்றம் ஏகமனதாக மக்கள் பக்கம் நின்றது. கின்டர் மேட்டின் பேரப்பிள்ளைகளுக்குக் கிடைத்த இவ்வெற்றியைக் குறைத்து மதிப்பிடுவது நன்றிகெட்ட செயலாகும். ஆயினும் வென்றெடுக்கப்பட்டது பொழுதுபோக்குக்காக உறங்கும் உரிமை மட்டுமே. வீடில்லாமையால் உறங்குபவனைப் பற்றி அத்தீர்ப்பிடம் எவரும் கேட்கவில்லை. ஆகவே அது சொல்லவும் இல்லை.

டாட்மூரிலிருந்து தெற்கே சில மைல் தொலைவிற் பிளிமத் நகரம் இருக்கின்றது. மேட்டிலே கூடாரமடித்தவன் மறுநாள் அதனைச் சுருட்டிக்கொண்டு இறங்கி, அந்நகரத்துப் புகையிரத நிலையத்தைப் பகற்பொழுதுக்குள் அடைந்துவிடலாம். வழியிலே ஒரு கடைவாயிலில் தன் கூடாரத்தைப் போன்ற இன்னொன்றை அவன் காணக்கூடும். அதற்குள் உறங்குபவனைத் தட்டியெழுப்பி, உன்னைப்பற்றித் தக்க விளக்கங் கூறு என்று கேட்கும் அதிகாரத்தை 1824ஆம் ஆண்டுச் சட்டம் இரண்டு நூற்றாண்டுகளாகப் பொலிசாரின் கையிற் கொடுத்து வைத்திருந்தது. அதனை நீக்குவதற்குப் பாராளுமன்றம் 2022இல் வழிசெய்தபோதும், அந்நீக்கத்தை நடைமுறைக்குக் கொண்டுவர அமைச்சர்கள் ஆண்டுக்கணக்கில் நாட்கடத்தினர். டாட்மூருக்காக ஊர்வலஞ் சென்ற ஆயிரக்கணக்கானோர் அதே கால்களுடன் அமைச்சர்களின் வாயிலுக்கும் சென்றிருந்தால், அத்தனை ஆண்டுகள் தேவைப்பட்டிருக்குமா என்பதை அவர்களே சொல்லவேண்டும்.